திரை போடாத தெரு

ஹார்மென் ரூலாண்ட்ஸ் சிறுகதைகள் மட்டுமே எழுதினார். அவருடைய நாட்டில் அது ஏறக்குறைய ஓர் உடற்குறை. ஆம்ஸ்டர்டாமில் அவருடைய பதிப்பாளரான திருமதி லூட்ஸ் தொலைபேசியில் அழைக்கும்போதெல்லாம், காய்ச்சல் விட்டதா என்று நோயாளியை விசாரிக்கும் குரலில், நாவல் எந்த அளவில் இருக்கிறது என்று கேட்பார். நாவல் எந்த அளவிலும் இல்லை. ஹார்மெனுக்கு ஒரு மனிதரை ஒரு மாலைப்பொழுதுக்கு மேல் பின்தொடர வரவில்லை. கதவு திறந்து, யாரோ உள்ளே வந்து, ஈரக் கோட்டைக் கழற்றி மாட்டி, சொல்ல வந்ததைச் சொல்லாமல் உட்கார்ந்துவிட்டால் போதும், அவருக்குக் கதை முடிந்துவிடும்.

வயிற்றுப்பாட்டுக்காகப் பள்ளிப் புவியியல் புத்தகங்களுக்கு மெய்ப்புத் திருத்திக்கொண்டிருந்தார். ஹோர்ன் நகரத்தில், துறைமுகத்துக்குப் பின்னால் ஒடுங்கிய செங்கல் தெரு ஒன்றில் வீடு. ஆர்ன்ஹெமிலிருந்து வந்து ஒன்பது வருடம் ஆகியும் அந்தத் தெருவில் அவர் புதியவர்தான். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. ஒரு பூனை இருந்தது. அதுவும் மீன் நிறையக் கிடைக்கும் வீடாகப் பார்த்துக் குடிபெயர்ந்துவிட்டது.

அந்தத் தெருவில் யாரும் சன்னலுக்குத் திரை போடுவதில்லை. இருட்டியதும் உள்ளே விளக்கு எரியும். பெரிய கண்ணாடிக்குப் பின்னால் மேசை, பிள்ளைகள், கோப்பைகள், சுவர்க்கடிகாரம் எல்லாம் மீன்தொட்டியில் தெரிவதுபோலத் தெரியும். மறைக்க எங்களிடம் ஒன்றும் இல்லை என்பது அதன் பொருள். தெருவில் போகிறவர்கள் பதிலுக்குச் செய்ய வேண்டிய மரியாதை ஒன்று இருந்தது. யாரும் சொல்லித்தராத மரியாதை. அவர்கள் செங்கற்களைப் பார்த்தபடி நடப்பார்கள்.

ஹார்மென் பார்த்தார். எழுதும் மேசை சன்னலோரம் இருந்தது, எதிர்வீடு எட்டிப்பிடிக்கும் தூரத்தில் இருந்தது. தன் வீட்டில் பேச்சுச் சத்தமே இல்லாத ஒருவர் வேறு எங்கே பார்ப்பார்?

எதிர்வீட்டில் ரெய்ன்டரும் அவர் மனைவி நேல்ட்யாவும் இருந்தார்கள். ரெய்ன்டர் விதைக் கிடங்கில் மேற்பார்வையாளர், புராட்டஸ்டன்டுகளின் சீர்திருத்தச் சபையில் மூப்பர். அவர்களுடைய ஒரே மகன் யோஸ்ட் தெற்கே டென் போஸ் நகரத்தில் ஒரு கத்தோலிக்கப் பெண்ணைக் கல்யாணம் செய்துகொண்டான். இந்த வீட்டில் இனி அவனுக்குத் தட்டு இல்லை என்று ரெய்ன்டர் சொன்னதாகத் தெருவுக்கே தெரியும். அதற்குப் பிறகு அவன் பெயரை அவர் எடுத்ததில்லை.

தெருவுக்குத் தெரியாத ஒன்று ஹார்மெனுக்குத் தெரிந்திருந்தது. ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்ததும் ரெய்ன்டர் மற்ற மூப்பர்களோடு காப்பி குடிக்கத் தங்கிவிடுவார். நேல்ட்யா முன்னால் வந்து, தொப்பியைக்கூடக் கழற்றாமல் ஏப்ரனைக் கட்டிக்கொண்டு, அலமாரியிலிருந்து மூன்று தட்டுகளை எடுப்பாள். மூன்றாவதை ஏப்ரன் நுனியால் துடைத்து, சன்னலைப் பார்த்த நாற்காலிக்கு முன்னால் வைப்பாள். கத்தி, முள்கரண்டி எல்லாம் ஒழுங்காக. பிறகு நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டு நிற்பாள். தெருமுனையில் கணவரின் கறுப்புக் கோட்டு தெரிந்ததும் தட்டை எடுத்து அலமாரியில் வைத்துவிடுவாள். ரெய்ன்டர் உள்ளே வரும்போது மேசையில் இரண்டு தட்டுகளும் அவித்த உருளைக்கிழங்கின் ஆவியும் மட்டும் இருக்கும்.

ஹார்மென் பல ஞாயிறுகள் இதைப் பார்த்தார். பிறகு எழுதினார். ஊரை டோர்ட்ரெக்ட் என்று மாற்றினார், ரெய்ன்டரை பேக்கரிக்காரராக்கினார், மகனைக் கடலோடியாக்கினார். கதையின் கடைசியில் பேக்கரிக்காரர் ஒன்றும் தெரியாமல் சூப்பைக் குடித்துவிட்டு, உப்புக் குறைவு என்கிறார். நல்ல கதை. எழுதி முடித்த அன்று ஹார்மென் தன் தோளைத் தானே தட்டிக்கொள்ளத் தோன்றுமளவுக்கு நல்ல கதை.

அதை ஒரு தாராளவாதப் பத்திரிகையின் சனிக்கிழமை இணைப்புக்கு அனுப்பினார். அதில் அவருக்கு ஒரு தைரியமும் இருந்தது. அந்த நாட்டில் ஒவ்வொரு சபைக்கும் ஒவ்வொரு கட்சிக்கும் தனித்தனிப் பத்திரிகை. சீர்திருத்தச் சபைக்காரர் வீட்டு மேசைக்கு அவர்களுடைய பத்திரிகைதான் வரும். தாராளவாதப் பத்திரிகை அந்த வாசற்படியைக்கூட மிதிக்காது. டென் போஸுக்கும் ஹோர்னுக்கும் இடையே இருப்பதைவிட இரண்டு பத்திரிகைகளுக்கு இடையே தூரம் அதிகம் என்று அவர் நம்பினார்.

கதை வந்தது. திருமதி லூட்ஸ் அன்றைக்கே அழைத்தார். முதல் தடவையாக நாவலைப் பற்றிக் கேட்கவில்லை. இந்தக் கதையை முதலில் வைத்து ஒரு தொகுப்பு போடலாம், தலைப்பும் இதுவே இருக்கட்டும், வசந்தத்தில் கொண்டுவந்துவிடலாம் என்றார். ஹார்மெனின் கடைசிப் புத்தகம் வந்து பல வருடம் ஆகியிருந்தது. அதை இப்போது யாரும் ஞாபகம் வைத்திருக்கவில்லை. அவர் அறையைச் சுற்றிச் சுற்றி நடந்தார். இந்தச் செய்தியை யாரிடம் சொல்வது என்று யோசித்தார். யோசித்துக்கொண்டே படுத்துத் தூங்கிவிட்டார்.

இரண்டு வாரம் கழித்து ஒரு மாலை, எதிர்வீட்டுச் சன்னலில் ஒரு வெள்ளைப் படுக்கைவிரிப்பு தொங்கியது.

யார் வீட்டிலும் கனமான திரைத்துணி இல்லாத தெரு அது. அதனால் படுக்கைவிரிப்பு. சனிக்கிழமைச் சந்தையில் துணி வாங்கித் தைத்து, அடுத்த வாரம் கரும்பச்சைத் திரை வந்துவிட்டது. வரிசையாக வெளிச்சம் விழுந்த சன்னல்களுக்கு நடுவே அந்த ஒன்று மட்டும் பல் விழுந்த இடம்போல இருட்டாக இருந்தது. நடந்துபோகிறவர்கள் இப்போது அந்த ஒரு சன்னலைத்தான் பார்த்தார்கள்.

காரணம் அவருக்கு மீன்கடையில் தெரிந்தது. கடைக்காரர் டிர்க் புகையூட்டிய விலாங்கை எடை போட்டுக்கொண்டே, போன வாரம் அவருடைய கதையை ஊரில் நிறைய விலாங்குகள் படித்ததாகச் சொன்னார். பழைய தாள்கள் எல்லா வீடுகளிலிருந்தும் அவருக்கு வரும். எந்தச் சபையின் பத்திரிகை என்று பார்க்காமல் அவற்றில் மீனைச் சுற்றிக் கொடுப்பார்.

"நம்ம கடைல எல்லாப் பேப்பரும் ஒரே வாசம்தான்," என்றார் டிர்க். "உங்க கதையில பாதி ரெய்ன்டர் வீட்டுக்குப் போயிருக்கு. மறுநாள் காலையில வந்து நிக்கறார் மனுஷன். மீதிப் பாதி இருக்கான்னு கேட்டார்."

"மீதியா?"

"ஆமா. கதை நடுவுல நிக்குதுன்னார். மூட்டையை அவிழ்த்துத் தேடிக் கொடுத்தேன். இங்கயே நின்னு படிச்சார். மடிச்சுச் சட்டைப்பைல வெச்சுக்கிட்டார். ஒரு எழுத்தாளருக்கு இதைவிட என்ன வேணும், சொல்லுங்க."

டிர்க் கேலியாகத்தான் சொன்னார். விஷயம் அவருக்குத் தெரியாது. ஹார்மென் விலாங்கை வாங்கிக்கொண்டு வெளியே வந்தபோது, வெட்கத்துக்கு அடியில் வேறொன்றும் இருந்ததை உணர்ந்தார். தன் கதையின் மீதிக்காக ஒரு மனிதர் இதுவரை தெருவில் இறங்கி நடந்ததில்லை. அப்படி நினைத்ததற்காக அவர் பிறகு நெடுநேரம் தன்னை வெறுத்தார்.

நவம்பரில் நேல்ட்யாவின் பிறந்தநாள் வந்தது. பிறந்தநாளுக்கு அங்கே யாரும் யாரையும் அழைப்பதில்லை. தேதி தெரிந்தவர்கள் தாங்களாகவே வருவார்கள். போகாமல் இருந்தால் அதற்கும் தெரு ஒரு அர்த்தம் வைத்திருக்கும். ஹார்மென் ஒரு சைக்ளமென் பூந்தொட்டியை வாங்கிக்கொண்டு தெருவைக் கடந்தார். அந்த ஆறேழு அடி தூரத்தில் இரண்டு முறை நின்றார்.

முன்னறையில் நாற்காலிகள் வட்டமாகப் போடப்பட்டிருந்தன. பிறந்தநாள்காரிக்கு மட்டுமல்ல, வந்திருக்கும் எல்லாருக்கும் வாழ்த்துச் சொல்வது அந்த ஊர் வழக்கம்; அவர் வாசலிலிருந்து தொடங்கி ஒவ்வொருவராகக் கை கொடுத்தார். தெருமுனை பேக்கரியை நடத்தும் விதவைக்கு, அண்டைவீட்டுக்காரியின் பிறந்தநாளுக்காக வாழ்த்துகள். நேல்ட்யாவின் தங்கைக்கு, அக்காவின் பிறந்தநாளுக்காக வாழ்த்துகள். ரெய்ன்டருக்கு, மனைவியின் பிறந்தநாளுக்காக வாழ்த்துகள். ரெய்ன்டர் எழுந்து நின்று கையைப் பற்றினார், நன்றி என்றார், உட்கார்ந்தார். அவருடைய கை சில்லென்று காய்ந்திருந்தது. ஹார்மெனுக்குக் காலியாக இருந்த ஒரே நாற்காலி ரெய்ன்டருக்கு நேர் எதிரே இருந்தது.

பச்சைத் திரை மூடியிருந்தது. அதைப் பற்றி யாரும் பேசவில்லை. கடலைத் தடுக்கும் டைக் கரையில் நடக்கும் வேலையைப் பற்றிப் பேசினார்கள், இந்த வருடம் முட்டைக்கோஸ் விதை தேறாது என்று பேசினார்கள். யாரோ சின்னதாக ஒரு நகைச்சுவை சொன்னார். எல்லாரும் அதே அளவு சின்னதாகச் சிரித்தார்கள். ஒரு காப்பி, ஒரு துண்டு கேக். இரண்டாவது காப்பிக்கு முன்னால் நேல்ட்யா தட்டோடு சமையலறைக்குப் போனாள். ஹார்மென் சில கோப்பைகளை எடுத்துக்கொண்டு பின்னாலேயே போனார். உதவுவதற்காகப் போனதுபோல இருந்தது.

அவள் பாத்திரம் கழுவும் தொட்டியைப் பார்த்து நின்றாள். திரும்பவில்லை.

"ஊரை மாத்தினேன்," என்றார் ஹார்மென். "பேரை மாத்தினேன். தொழிலைக்கூட மாத்தினேன்."

"தட்டை மாத்தலயே."

நேல்ட்யா கோப்பையைக் கழுவினாள். மெதுவாகப் பேசினாள், முன்னறைக்குக் கேட்காத குரலில். ரெய்ன்டர் இப்போது ஞாயிறுகளில் மூப்பர்களோடு தங்குவதில்லை என்றாள். கூடவே நடந்து வந்துவிடுகிறார். நாற்காலியில் உட்கார்ந்து அவள் மேசை போடுவதைப் பார்க்கிறார்.

"எத்தன தட்டுன்னு பாக்கறார்," என்றாள்.

"ஒண்ணும் சொல்லலயா?"

"அவரா?"

அவர் இல்லாத வேளையிலாவது, என்று ஹார்மென் ஆரம்பித்தார். அவள் இடைமறித்தாள்.

"அதையும் செஞ்சு பாத்தேன், எதிர்வீட்டுக்காரரே. ஒரு புதன்கிழமை, அவர் கிடங்குக்குப் போனப்புறம். தட்டை எடுத்து ஏப்ரன்ல துடைச்சேன். துடைக்கறப்பவே உங்க கதைல வர்ற பொம்பள வந்துட்டா. அவதான் துடைக்கிறா, நான் இல்ல. அப்படியே உள்ள வெச்சுட்டேன். இனிமே என்னால அதைத் தொட முடியாது."

அவள் கையைத் துடைத்துக்கொண்டாள். முகத்தில் கோபம் இல்லை. கோபம் இருந்திருந்தால் அவருக்கு எளிதாக இருந்திருக்கும்.

"நாங்க மட்டும் உங்களப் பாத்ததில்லன்னு நெனைக்கிறீங்களா?"

ஹார்மென் நிமிர்ந்தார்.

"பிப்ரவரில உங்க பிறந்தநாள். தேதிய நீங்க யார்கிட்டயும் சொன்னதில்ல. ஆனா அன்னிக்கு முன்னறையில நாற்காலிய வட்டமா போடுவீங்க. மாடில இருக்கிறதையும் இறக்கிட்டு வருவீங்க. கேக்க வெட்டி வெப்பீங்க. அப்புறம் ஒரு நாற்காலில உக்காருவீங்க. கொஞ்ச நேரம் கழிச்சு எழுந்து அடுத்ததுல உக்காருவீங்க."

முன்னறையில் யாரோ காப்பி எங்கே என்று குரல் கொடுத்தார்கள். வருகிறது என்று நேல்ட்யா பதில் சொன்னாள்.

"நீங்க வந்திருக்கலாமே," என்றார் ஹார்மென். தன் குரல் இவ்வளவு தணிந்து வரும் என்று அவர் எதிர்பார்க்கவில்லை.

"எப்படி வர்றது? வந்தா பாத்தேன்னு ஆயிடுமே. கழிப்பறையில மாட்டியிருக்கற பிறந்தநாள் காலண்டர்ல உங்க பேர எழுதலாம்னு ஒரு தடவ பென்சில எடுத்தேன். இவர் கேப்பார், உனக்கெப்படித் தெரியும்னு. வெச்சுட்டேன்." அவள் காப்பிக் கெண்டியைத் தூக்கினாள். "இந்தத் தெருவுல எல்லாருக்கும் தெரியும். ஒருத்தர்கூட வாயத் திறந்ததில்ல. உங்க மேல இருக்கற மரியாதையில."

அவர் திரும்பி வந்து தன் நாற்காலியில் உட்கார்ந்தார். வட்டத்தில் இருந்த ஒவ்வொரு முகமும் அவரைப் பார்க்காமல் இருந்தது. ஒன்பது வருடமாக அவர்கள் எப்படிப் பார்க்காமல் இருந்தார்களோ அதே பழகிய நேர்த்தியோடு. பேக்கரி விதவை அவர் பக்கம் கேக் தட்டை நகர்த்தினாள். ஏற்கெனவே ஒரு துண்டு எடுத்தாகிவிட்டது, இரண்டாவது எடுப்பது வழக்கமில்லை. அவர் எடுத்துக்கொண்டார்.

புறப்படும்போது ரெய்ன்டர் வாசல்வரை வந்தார். கோட்டை எடுத்துக் கொடுத்தார். ஹார்மென் கையை நுழைக்கத் தடுமாறியபோது, பின்னாலிருந்து காலரைச் சரிசெய்துவிட்டார்.

"அந்த பேக்கரிக்காரர்," என்றார் ரெய்ன்டர். "ரொம்பக் கல்லு மனசுக்காரரோ?"

"இல்ல. நான் அப்படி நெனச்சு எழுதல."

"எனக்கு அப்படித்தான் தெரிஞ்சுது." அவர் தெருவைப் பார்த்தார். "கடைசி வரைக்கும் அவருக்குத் தெரியாமலே போயிடுது. தெரிஞ்சிருந்தா என்ன செஞ்சிருப்பார்னு யோசிச்சேன்."

ஹார்மென் காத்திருந்தார். படியில் ஈரம், பார்த்துப் போங்கள் என்று மட்டும் ரெய்ன்டர் சொன்னார்.

அந்த இரவு ஹார்மெனுக்குத் தூக்கம் பிடிக்கவில்லை. எத்தனை தட்டு என்று ரெய்ன்டர் பார்க்கிறார். நேல்ட்யாவுக்கு அது காவலாகத் தெரிந்தது. ஆனால் ஒரு மனிதர் மூன்றாவது தட்டு வராமல் தடுக்கவும் தட்டுகளை எண்ணலாம், அது எப்போது வரும் என்று காத்தும் எண்ணலாம். தான் சொன்ன வார்த்தையைத் தானே திரும்ப எடுத்துக்கொள்ள வாய் வராதவர், அவள் கையால் அது மேசைக்கு வரட்டும் என்று உட்கார்ந்திருக்கலாம். அல்லது இதுவும் ஹார்மென் கட்டும் கதையாக இருக்கலாம். எதிர்வீட்டுக்குள்ளே போய்க்கொண்டிருந்த கதைக்கு முடிவு இன்னும் வரவில்லை. அவர் அச்சில் போட்டிருந்த முடிவு தப்பு. சரியான முடிவு இனி அவர் கண்ணுக்குப் படாத இடத்தில் நடக்கும், அல்லது நடக்காமல் போகும்.

வெள்ளிக்கிழமை அவர் திருமதி லூட்ஸை அழைத்து, அந்தக் கதையைத் தொகுப்பிலிருந்து எடுத்துவிடச் சொன்னார். மறுமுனையில் சிகரெட் பற்றவைக்கும் சத்தம் கேட்டது. என்ன காரணம் என்று கேட்டார் அவர்.

"முடிவு சரியில்ல."

"அப்ப மாத்தி எழுதுங்க, ஹார்மென். நேரம் இருக்கு."

"சரியான முடிவு எனக்குத் தெரியாது."

"உங்க கதை. உங்களுக்குத் தெரியாம யாருக்குத் தெரியும்?"

திருமதி லூட்ஸ் பெருமூச்சு விட்டார். அந்தக் கதை இல்லாவிட்டால் மற்றவை வெறும் மாலைப்பொழுதுகள், அவற்றுக்காக அச்சகத்தைத் தொந்தரவு செய்ய முடியாது, புத்தகமே இல்லை என்றார். ஹார்மென் சரி என்றார். பிறகு திருமதி லூட்ஸ், பழக்கத்தால் இருக்கலாம், நாவல் எந்த அளவில் இருக்கிறது என்று கேட்டுவிட்டு வைத்தார்.

சனிக்கிழமை தெரு முழுக்க வாளியும் துடைப்பமுமாக இருந்தது. நேல்ட்யா வெளியே நின்று சன்னல் கண்ணாடியைக் கழுவிக்கொண்டிருந்தாள். உள்ளே திரை மூடியிருந்தாலும் கண்ணாடி சுத்தமாக இருக்க வேண்டும். ஹார்மென் தெருவைக் கடந்து அவள் பக்கத்தில் போய் நின்றார். கதையை எடுத்துவிட்டதை அவர் சொல்லவில்லை. சொன்னால் பதிலுக்கு ஏதோ கேட்பதுபோல ஆகிவிடும்.

"எத்தன தட்டுன்னு ரெய்ன்டர் பாக்கறார்னு சொன்னீங்களே," என்றார். "அது தடுக்கறதுக்காக இல்லயோ என்னவோ. நீங்க வெக்கட்டும்னு காத்திருக்காரோ என்னவோ."

அவள் கை நிற்கவில்லை. "எங்க பாத்தீங்க?"

"பாக்கல. திரை இருக்கே."

"அவர் சொன்னாரா?"

"இல்ல. எனக்குத் தோணுது."

"தோணறதத்தான நீங்க எழுதறீங்க," என்றாள் நேல்ட்யா. வாளியை அவருடைய காலணியில் படாதபடி நகர்த்தினாள். பிறகு கண்ணாடியில் தெரிந்த அவருடைய உருவத்தின் மேலேயே துணியை ஓட்டி, மூலைவரை துடைத்தாள். "தப்பா இருந்தா நான்தான அந்த மேசைல உக்காந்திருக்கணும்."

"ஆமா," என்றார் ஹார்மென்.

அன்றைக்குப் பிற்பகலே அவர் எழுதும் மேசையைப் பின்னறைக்கு இழுத்துக்கொண்டு போனார். தனியாக இழுத்ததில் தரையில் ஒரு கீறல் விழுந்தது. பின்னறைச் சன்னலுக்கு வெளியே ஈரம் ஊறிய செங்கல் சுவர், அதில் சாய்த்து வைத்த பக்கத்து வீட்டு ஏணி. வேறொன்றும் இல்லை.

ஞாயிற்றுக்கிழமை காலையிலிருந்தே மழை. ஆராதனை மணி ஓய்ந்தது. அவர் பின்னறையில், புவியியல் புத்தகத்தில் மலைகளே இல்லாத தன் நாட்டின் மலைகள் என்ற பகுதியைத் திருத்திக்கொண்டிருந்தார். தெருவில் குடைகளின் சத்தமும் காலடிகளும் கேட்டன. எதிர்வீட்டுக் கதவு ஒரு முறை திறந்து மூடியது. ஒரே முறை. இருவரும் சேர்ந்து வந்திருக்கிறார்கள்.

உருளைக்கிழங்கை அடுப்பிலிருந்து இறக்கி முன்னறைக்கு எடுத்துவந்தார். சாப்பாட்டு மேசை இன்னும் அங்கேதான் இருந்தது. மழை இருட்டுக்காக எதிரே விளக்கு போட்டிருந்தார்கள். பச்சைத் திரையின் கீழோரம் ஒரு மெல்லிய மஞ்சள் கோடு தெரிந்தது. அந்தக் கோட்டில் ஒரு நிழல் அலமாரிப் பக்கம் போயிற்று, அங்கேயே நின்றது. நெடுநேரம் நின்றது. அவர் பார்வையைத் தாழ்த்தினார். தட்டில் இருந்த உருளைக்கிழங்கை முள்கரண்டியால் நசுக்கி, வெண்ணெயைக் கலந்து, உப்புப் போட்டார். தலை நிமிராமல் சாப்பிட்டார். தன் விளக்கை எரியவிட்டிருந்தார். அவருடைய சன்னலுக்குத் திரை கிடையாது.

சாப்பிட்டு முடித்து மீண்டும் நிமிர்ந்தபோது நிழல் அங்கே இல்லை. எங்கே போனது, கையில் என்ன எடுத்துக்கொண்டு போனது என்று அவருக்குத் தெரியவில்லை. தட்டை எடுத்துக்கொண்டு பின்பக்கம் போய், தண்ணீரைத் திறந்துவிட்டுக் கழுவ ஆரம்பித்தார்.